கறிவேப்பிலைச் செடியில் பச்சைக் கூடு, பழுப்புக் கூடு: செய்து பார்த்த அனுபவம்

கறிவேப்பிலை அழகி என்ற வண்ணத்துப்பூச்சியின் கூட்டுப்புழு இரண்டு நிறத்தில் வரும். ஒன்று இளம் இலையின் பச்சை, இன்னொன்று காய்ந்த குச்சியின் பழுப்பு. ஒரே தாய் இட்ட முட்டைகளில் வந்த புழுக்கள்கூட இப்படி இரண்டு விதமாக மாறும். எந்த நிறம் என்பதைப் பெரும்பாலும் தீர்மானிப்பது அது போய் ஒட்டிக்கொள்ளும் இடம்தான். இதைப் படித்த நாளிலிருந்தே நம் மொட்டைமாடியில் செய்து பார்க்க வேண்டும் என்று ஆசை. செடி தொட்டியில் இருக்கிறது, பூச்சி தானாக வருகிறது, வேறென்ன வேண்டும்? ஆவணியில் ஆரம்பித்தேன். இதுவரை பார்த்தவற்றை எழுதி வைக்கிறேன்.

ஆவணி, புரட்டாசி

முட்டை தேடுவது சுலபம். கொழுந்து இலையில் கடுகைவிடச் சின்னதாக, வெளிர்மஞ்சளில், ஒன்றொன்றாக ஒட்டியிருக்கும். பொரித்து வரும் புழு முதல் சில பருவங்களுக்குப் பறவை எச்சம் போலவே இருக்கும். கருப்புப் பழுப்பு உடம்பு, நடுவில் வெள்ளைத் திட்டு, மேலே ஈரம் பூசியது போல ஒரு மினுமினுப்பு. நான்காவது முறை தோலுரித்ததும் பச்சையாகிவிடும். இந்த மாற்றத்தையே முதலில் சரியாகப் பார்க்க வேண்டும். இதே பேரினத்தைச் சேர்ந்த ஒரு ஜப்பானிய வண்ணத்துப்பூச்சியில் 2008-இல் இதை ஆராய்ந்திருக்கிறார்கள். இளம்பருவ ஹார்மோனின் அளவு குறைவதுதான் எச்ச வேடத்தைக் கலைக்கிறது. சரியான நேரத்தில் அந்த ஹார்மோனை வெளியிலிருந்து கொடுத்தால், புழு பச்சையாகாமல் எச்ச வேடத்திலேயே தொடர்கிறது. மரபணுத் தொகுப்பில் ஓர் எழுத்தும் மாறவில்லை, வேடம் மட்டும் மாறியிருக்கிறது.

புழுக்களைக் கொசுவலை கட்டிய டப்பாக்களில் வைத்தேன். கறிவேப்பிலைக் கொத்தைச் சின்ன பாட்டில் தண்ணீரில் நிறுத்தி, வாயைப் பஞ்சால் அடைத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் புழு உள்ளே இறங்கி மூழ்கிவிடும். கடைசிப் பருவத்தில் அது தின்னும் வேகத்துக்கு ஒரு தொட்டிச் செடி போதாது. அம்மா தாளிக்க இலை கேட்டபோது கொடுக்க முடியாமல், பக்கத்துத் தெருவில் இருக்கும் அத்தை வீட்டு மரத்துக்கு நடையாய் நடந்தேன்.

தின்று முடித்ததும் புழு ஒரு முறை நீர்த்த கழிவை வெளியேற்றும். அப்புறம் உடம்பு சுருங்கி, இடம் தேடி அலையும். என் டப்பாக்களில் இது பெரும்பாலும் பொழுது சாய்ந்த பிறகே நடந்தது. இந்த அலைச்சலுக்கும் தோலுரிப்புக்கும் இடைப்பட்ட நேரத்தில்தான் நிறம் முடிவாகிறது. எனவே நான் மாற்ற வேண்டியது அப்போது அதன் காலுக்கு அடியில் இருக்கும் பரப்பைத்தான்.

வைத்தவை நான்கு: வழவழப்பான பச்சைத் தண்டு, சொரசொரப்பான காய்ந்த முருங்கைக் குச்சி, உப்புத்தாள் சுற்றிப் பச்சைச் சாயம் பூசிய குச்சி, பழுப்புச் சாயம் பூசிய வழவழப்பான பிளாஸ்டிக் குழாய். கடைசி இரண்டும்தான் முக்கியம். நிறத்தைப் பார்த்து முடிவெடுக்கிறதா, தொடு உணர்வை வைத்தா என்பதை அவைதான் பிரித்துக் காட்டும்.

பச்சைத் தண்டில் பச்சையும் முருங்கைக் குச்சியில் பழுப்பும் வந்தன, இது எதிர்பார்த்தது. பச்சை பூசிய உப்புத்தாளில் பெரும்பாலானவை பழுப்பாக வந்தபோதுதான் எனக்குச் சிலிர்த்தது. பழுப்புக் குழாயில் கணிசமானவை பச்சை. இருட்டில் இடம் தேடும் ஒரு புழுவுக்கு நிறம் எதைச் சொல்லிவிடும்? காலுக்குச் சொரசொரப்பாகப் பட்டால் மரப்பட்டை, வழவழப்பாகப் பட்டால் இளந்தண்டு. காட்டில் இந்தக் கணக்கு பெரும்பாலும் தப்பாது. உப்புத்தாள்தான் அதன் முன்னோர் யாரும் சந்திக்காத பொருள்.

உள்ளே நடப்பதும் ஹார்மோன் வேலைதான். ஜப்பானில் இந்த வகைப் புழுக்களின் உடலை நடுவில் நூலால் இறுக்கிக் கட்டிப் பார்த்திருக்கிறார்கள். தலைப் பக்கமிருந்து வரும் ஹார்மோன் கட்டைத் தாண்டிப் போக முடியாததால் பின்பாதி பழுப்பாகாமல் பச்சையாகவே நின்றுவிட்டது. பழுப்பாக்க ஒரு கட்டளை வர வேண்டும், வராவிட்டால் பச்சை. இதை நான் செய்து பார்க்கவில்லை, செய்யவும் மாட்டேன்.

ஐப்பசி மழையில்

மழை பிடித்த பிறகு பச்சை கூடியது போலத் தெரிந்தது. முருங்கைக் குச்சியில்கூடச் சில பச்சை வந்தன. காற்றின் ஈரப்பதம் கூட்டுப்புழு நிறத்தைப் பாதிக்கும் என்பது சில வண்ணத்துப்பூச்சிகளில் அறியப்பட்டதுதான். ஈரமான காலத்தில் சுற்றிலும் பச்சை இருக்கும், எனவே பொருத்தமாகவும் படுகிறது. ஆனால் நான் ஈரப்பதத்தை அளக்கவில்லை, அதனால் இதை முடிவாகச் சொல்லமாட்டேன்.

இந்த மாதம் என்னை அதிகம் யோசிக்க வைத்தவை ஒத்துவராத புழுக்கள்தான். ஒரு மாலை ஒரே பெண் பூச்சி முட்டையிடுவதை நின்று பார்த்து, அந்த முட்டைகளை மட்டும் தனியாக வளர்த்தேன். ஒரே டப்பா, ஒரே பச்சைத் தண்டு. மற்றவை எல்லாம் பச்சை. ஒன்று மட்டும், அதுவும் மற்றொன்றுக்கு ஒரு விரற்கடை தள்ளி, நல்ல பழுப்பில் நின்றது. பக்கவாட்டில் இருந்து பார்த்தால் முதுகின் வளைவு, தலையின் இரு கொம்பு முனைகள், இடுப்பில் கட்டிய பட்டு நூல் எல்லாம் அச்சாக ஒன்றே. நிறம்தான் வேறு. ஒரே சூழலுக்கு உடன்பிறந்தவை ஒரே அளவில் அசைந்து கொடுப்பதில்லை. ஒன்றுக்கு லேசான சொரசொரப்பே போதும், இன்னொன்றுக்கு உப்புத்தாளும் போதாது. இந்த உணர்திறன் வேறுபாட்டில் ஒரு பங்காவது பரம்பரையாக வந்தால், தண்டில் இருக்கும் பழுப்புக் கூட்டைத் தையல்சிட்டு கொத்திப் போகும் ஒவ்வொரு முறையும் இயற்கைத் தேர்வு நடக்கிறது. தேர்வு நிறத்தின் மேல் மட்டும் விழுவதில்லை, எதை உணர்ந்து எந்தப் பக்கம் சாய்வது என்ற திறன் மேலும் விழுகிறது.

இது என் ஊகம் மட்டுமல்ல. அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில் சுசுகியும் நைஹவுட்டும் புகையிலைக் கொம்புப்புழு என்ற ஓர் அந்துப்பூச்சியின் புழுவில் செய்துகாட்டி 2006-இல் வெளியிட்டார்கள். அந்தப் புழு வழக்கமாகப் பச்சை. அவர்கள் எடுத்தது மரபணுப் பிறழ்வால் கருப்பாக இருக்கும் வகை. இளம்புழுவுக்கு வெப்ப அதிர்ச்சி கொடுத்தால் சில கருப்புப் புழுக்கள் கொஞ்சம் பச்சையாகும், சில ஆகாது. அதிகம் பச்சையானவற்றை ஒரு வரிசையாகவும், மாறாதவற்றை இன்னொரு வரிசையாகவும் தேர்ந்து தேர்ந்து 13 தலைமுறை வளர்த்தார்கள். முதல் வரிசை, குளிரில் கருப்பு, வெப்பத்தில் பச்சை என்று சூழலுக்கு ஏற்ப மாறும் புழுவாகிவிட்டது. இரண்டாவது வரிசை எதற்கும் அசையாத கருப்பாக நின்றது. ஆய்வகத்தில் சூழலுக்கேற்ப மாறும் நெகிழ்வே பரிணமித்தது, நெகிழ்வு தொலைவதும் பரிணமித்தது.

இதற்கெல்லாம் முன்னோடி வாடிங்டன் என்ற பிரிட்டிஷ் உயிரியலாளர். வளர்ச்சியில் மரபணுக்கள் எப்படிச் செயல்பட்டு உடலை உருவாக்குகின்றன என்பதைக் குறிக்க 1942-இல் எபிஜெனெடிக்ஸ் என்ற சொல்லைக் கொண்டுவந்தவர் அவர்தான். பழ ஈயின் கூட்டுப்புழுவைச் சில மணி நேரம் 40 டிகிரி வெப்பத்தில் வைத்தார், சில ஈக்களுக்குச் சிறகில் ஒரு குறுக்கு நரம்பு இல்லாமல் போனது. அவற்றை மட்டும் தேர்ந்து இனப்பெருக்கம் செய்துகொண்டே போனார். ஒரு டஜனுக்குச் சற்று மேற்பட்ட தலைமுறைகளில், வெப்பமே படாத ஈக்களிலும் சிலவற்றுக்கு அந்த நரம்பு இல்லை. 1953-இல் இதை வெளியிட்டார். வாழ்நாளில் பெற்ற குணம் பிள்ளைக்குப் போய்விட்டது என்று இதை வாசிப்பவர்கள் உண்டு. வெப்பம் மரபணுவில் எதையும் எழுதவில்லை. ஏற்கெனவே ஈக்களிடையே இருந்த, ஆனால் சாதாரண வெப்பத்தில் வெளியே தெரியாத வேறுபாடுகளை அது வெளிக்கொண்டுவந்தது. தெரிந்த பிறகு தேர்வு அவற்றை ஒன்றுசேர்த்தது.

இன்றைக்கு எபிஜெனெடிக்ஸ் என்றதும் டி.என்.ஏ. மேல் ஒட்டி மரபணுவின் வேலையை மாற்றும் மெத்தில் குறிகள் என்ற சின்ன வேதிக்குறிகளைத்தான் பலர் நினைக்கிறார்கள். அதற்கும் அருமையான சான்று பூச்சி உலகில் இருக்கிறது. தேனீப் புழுக்களில் மெத்தில் குறி ஒட்டும் ஒரு நொதியின் மரபணுவை ஆஸ்திரேலியாவில் அடக்கிப் பார்த்தார்கள், வேலைக்காரியாக வந்திருக்க வேண்டியவற்றில் பெரும்பாலானவை ராணித் தோற்றத்தோடு வந்தன. அதுவும் 2008-இல்தான். ஆனால் என் டப்பாவில் நிறத்தைப் பற்றிப் பேச ஹார்மோனே போதும் என்று நினைக்கிறேன். தாத்தா பட்ட பசியும் பாட்டி பட்ட பயமும் நம் மரபணுவில் பதிந்திருக்கிறது என்று எடுத்தேன் கவிழ்த்தேன் எனப் பேசும் வீடியோக்கள் இந்த அழகான துறைக்கு நல்லது செய்யவில்லை.

கார்த்திகை

கூடுகளிலிருந்து வெளிவந்த பெண் பூச்சிகளில் சில ஆணைப் போலக் கருப்பு வெள்ளை. மற்றவை, ஆடுதீண்டாப்பாளை தின்று உடம்பில் நஞ்சு சேர்த்து வைத்திருக்கும் ரோஜா அழகியைப் போலச் சிவப்புப் புள்ளிகளோடு வந்தன. பறவையை ஏமாற்றும் வேடம் இது. பச்சைக் கூட்டிலிருந்தும் இரண்டு விதமும் வந்தன, பழுப்பிலிருந்தும் வந்தன. இந்தச் சிறகு வேடம் இடத்தைப் பார்த்து வருவதல்ல. டபுள்செக்ஸ் என்ற ஒரே மரபணுவின் வகைகளால் வருவது என்று பெங்களூரின் கிருஷ்ணமேக் குந்தேயும் சிகாகோ ஆய்வாளர்களும் 2014-இல் காட்டினார்கள். ஒரே பூச்சி, புழுவில் ஹார்மோன் காலக்கணக்கில் ஒரு வேடம், கூட்டில் இடத்துக்கேற்ற வேடம், சிறகில் பரம்பரை வேடம் என்று மூன்றையும் வைத்திருக்கிறது. எல்லாவற்றையும் மரபணு என்றோ எல்லாவற்றையும் சூழல் என்றோ சொல்பவரிடம் இந்தச் செடியைக் காட்டினால் போதும்.

அடுத்த தொகுதிக்கு ஈரப்பதமானி ஒன்று வாங்கியாயிற்று. இனிமேல் தாய் வாரியாகத்தான் முட்டை சேர்ப்பேன். ஒவ்வொரு தாயின் பிள்ளைகளையும் பாதிப் பாதியாகப் பிரித்து வழவழப்பிலும் உப்புத்தாளிலும் விட்டு, எந்தத் தாயின் பிள்ளைகள் எளிதில் பழுப்புக்குச் சாய்கின்றன என்று பார்க்க வேண்டும். உப்புத்தாளிலும் ஒரே முரட்டுத்தனம் போதாது, நைசானதிலிருந்து முரடானது வரை வரிசையாக வாங்கியிருக்கிறேன். கூண்டில் இணைசேர்த்து அடுத்த தலைமுறை எடுக்க இடம் போதவில்லை. அதற்கு அத்தை வீட்டுக் கொல்லையில் பந்தல் அளவுக்கு வலை கட்டலாமா என்று கேட்டிருக்கிறேன், தை பிறந்ததும் பார்க்கலாம் என்றார்.