புக்லெட் கைக்கு வந்த பிறகு

குண்டர் சட்டத்தில் மகனைப் பிடித்துப் போட்டுவிட்டார்கள் என்று வருகிற அம்மாக்கள் முதலில் கேட்பது ஜாமீனைப் பற்றித்தான். "கேஸ்ல ஜாமீன் வாங்கிட்டா விட்டுருவாங்கல்ல, வக்கீலம்மா?" விடமாட்டார்கள். வழக்கு வேறு, தடுப்புக் காவல் ஆணை வேறு. குண்டர் சட்டம் எனப்படும் 1982-ஆம் ஆண்டின் தமிழ்நாடு 14-ஆம் சட்டப்படி மாவட்ட ஆட்சியரோ மாநகரக் காவல் ஆணையரோ போடும் அந்த ஆணை, செய்த குற்றத்துக்கான தண்டனை அல்ல. இனிமேல் செய்யக்கூடும் என்று கருதி முன்கூட்டியே அடைத்து வைப்பது. 12 மாதம் வரை வைக்கலாம். 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும் என்ற பாதுகாப்பு இதற்குக் கிடையாது என்று அரசியலமைப்பின் 22-ஆவது பிரிவே சொல்லிவிடுகிறது.

ஆனால் அதே பிரிவு வேறொன்றைக் கொடுக்கிறது. ஏன் அடைத்தோம் என்று காரணத்தைத் தெரிவிக்க வேண்டும். அதை எதிர்த்து முறையிடச் சீக்கிரமே வாய்ப்புத் தர வேண்டும். என் வேலையில் பெரும்பகுதி இந்த ஒரு வரியைச் சுற்றித்தான்.

காரணங்களை 5 நாளுக்குள் கொடுக்க வேண்டும். எஃப்.ஐ.ஆர், வாக்குமூலங்கள், ரிமாண்ட் உத்தரவு எல்லாம் சேர்த்துக் கட்டாக வரும் அதைத்தான் நாங்கள் புக்லெட் என்போம். பக்கம் பக்கமாகப் பார்ப்பேன். ஜெராக்ஸ் கறுத்து எழுத்தே தெரியாத பக்கம் இருக்கும். ஆங்கிலத்தில் இருக்கும் உத்தரவுக்குத் தமிழாக்கம் இருக்காது. தமிழ் மட்டுமே தெரிந்த ஒரு பெண்ணுக்கு ரிமாண்ட் உத்தரவின் தமிழாக்கத்தைக் கொடுக்காததால் 1999-இல் உச்ச நீதிமன்றம் அவருடைய காவலை ரத்து செய்தது. இப்படி ரத்தாகும்போது "டெக்னிக்கல் பாயிண்ட்ல தப்பிச்சுட்டான்" என்று பேசுவதைக் கேட்டால் எனக்குக் கோபம் வரும். விசாரணை இல்லை, சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய முடியாது. படிக்கக் கிடைக்கும் அந்தக் காகிதத்தைத் தவிர உள்ளே இருப்பவர் கையில் வேறு என்ன இருக்கிறது?

முறையீட்டு மனுவை உடனே எழுத வேண்டும். ஆணையை அரசு 12 நாளுக்குள் ஏற்க வேண்டும். அதுவரை ஆணை போட்ட அதிகாரியிடமே முறையிடலாம். ஆனால் அந்த நாட்களில்தான் குடும்பம் நகையை அடகு வைத்துக்கொண்டு பெரிய வக்கீலைத் தேடி அலைகிறது. அரசுக்கு அனுப்பும் மனுவையும் தள்ளிப் போடக் கூடாது. அது போய்ச் சேர்ந்த பிறகு ஒவ்வொரு நாளுக்கும் அரசு கணக்குச் சொல்ல வேண்டும். அமைச்சர் சுற்றுப்பயணத்தில் இருந்தார் என்பதால் கோப்பு 5 நாள் கிடந்த ஒரு தமிழ்நாட்டு வழக்கில், அது போதுமான விளக்கம் அல்ல என்று உச்ச நீதிமன்றம் ஆளை விடுவித்தது.

3 வாரத்துக்குள் விவகாரம், அடைத்து வைக்கப் போதிய காரணம் இருக்கிறதா என்று பார்க்கும் அறிவுரைக் கழகத்துக்குப் போகும். அங்கே வக்கீலுக்கு அனுமதி இல்லை. வக்கீல் அல்லாத ஒருவரின் துணையோடு பேசலாம் என்று 1981-இல் ஏ.கே. ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதனால் குடும்பத்தாரை உட்காரவைத்துச் சொல்லிக் கொடுக்கிறேன். "என் புள்ள நல்லவன் சார்" என்று அழுதால் மட்டும் போதாது. எந்தப் பக்கம் படிக்க முடியவில்லை, எந்தத் தேதியில் அவன் ஏற்கெனவே சிறையில் இருந்தான் என்று சொல்ல வேண்டும்.

அப்புறம்தான் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு. ஜாமீன் மனுவே நிலுவையில் இல்லாதபோது, அவர் ஜாமீனில் வெளியே வந்துவிடுவார் என்று ஆணையில் எப்படி முடிவு செய்தீர்கள் என்று கேட்கலாம். 2011-இல் ரேகா வழக்கில் ஆணை ரத்தானதற்கு அது முக்கியக் காரணம். சிக்கல் என்னவென்றால், மனு இறுதி விசாரணைக்கு வருவதற்குள்ளேயே பல மாதங்கள் உள்ளே கழிந்துவிடுகின்றன. அதனால்தான் முதல் வாரத்திலேயே காகிதத்தை நகர்த்தச் சொல்கிறேன்.

கையில் பணம் இல்லையென்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம். காவலில் இருப்பவருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் தர வேண்டும் என்று 1987-ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. சிறைக்குள்ளிருந்தே ஒரு மனு எழுதிக் கொடுத்தாலும் போதும்.