கைக்குள் அடங்கும் கஞ்சிரா
நேற்று ராத்திரி மறுபடியும் சக்தி குழு கேட்டேன்; நம் இசையையும் ஜாஸையும் கலந்து வாசித்த குழு அது. விக்கு விநாயகராமின் கடத்தில் ஆரம்பித்து, அவர் மகன் செல்வகணேஷின் கஞ்சிராவில் வந்து நின்றேன்.

ஒரு சின்ன மரவளையம், ஒரு பக்கம் மட்டும் தோல். லேசாகத் தண்ணீர் தடவி, பிடித்திருக்கும் இடது கை விரலால் அழுத்தினால் குரல் மாதிரி குழைகிறது. குழுவின் ஆங்கிலேயர் ஜான் மெக்லாஃப்லினின் கிதார் பறக்கப் பறக்க, இந்தப் பக்கமிருந்து சளைக்காமல் பதில். நம் தாளக் கணக்கை யாருக்காகவும் எளிமையாக்கவில்லை. மெக்லாஃப்லின்தான் கொன்னக்கோல், அதாவது தாளச் சொற்களை வாயால் சொல்லும் கலை, கற்றுக்கொண்டார் (எனக்கு இதுதான் பெரிய விஷயம்).

2024 பிப்ரவரியில் சக்தியின் 'திஸ் மொமன்ட்' ஆல்பத்துக்கு கிராமி கிடைத்தபோது துள்ளிக் குதித்தேன். அதே வருஷம் டிசம்பரில் குழுவின் தபலா கலைஞர் ஜாகிர் உசேன் போய்விட்டார். அவர் தபலாவும் இந்தக் கஞ்சிராவும் பேசிக்கொள்ளும் இடம் வந்தாலே இப்போதெல்லாம் கண் கலங்குகிறது.