கன்று நடும் முன்னே வாய்க்கால்

உப்பங்கழியில் வளரும் பிச்சாவரம் அலையாத்திக் காட்டுக்கு முதன்முதலாகக் களப்பணிக்குப் போன அன்று முழங்கால் வரை சேற்றில் புதைந்து நின்றேன். பரங்கிப்பேட்டையில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் உயராய்வு மையத்தில் முதுகலை சேர்ந்து மூன்று மாதம் ஆகியிருந்தது. காடு அழிந்தால் மரம் நட வேண்டும்; பள்ளிக்கூட நாள்களிலிருந்து நான் அறிந்த தீர்வு அவ்வளவுதான்.

ஆசிரியர் ஒரு திட்டைக் காட்டினார். ஒரு பக்கம் தலைக்கு மேல் வளர்ந்த வெண்கண்டல் என்ற அலையாத்தி மரங்கள். பத்தடி தள்ளி, உமரி என்ற உப்புச் செடியைத் தவிர எதுவும் முளைக்காத உப்புத் தரை. அங்கே குழி தோண்டி, ஊறிய நீரை அளந்து பார்த்தேன். கடல்நீரில் ஆயிரத்துக்கு 35 பங்கு உப்பு இருக்கும்; இதில் அதைப் போல் இரண்டு மடங்கு. எந்தக் கன்று பிழைக்கும்?

ஆடுமாடு மேய்ந்தும் ஊரார் விறகு வெட்டியும் காடு அழிந்ததாக வெகுகாலம் சொல்லிவந்தார்கள். அந்தப் பழி எளியவர்கள் தலையில் விழுந்ததை நினைத்தால் எனக்கு இன்றும் ஆறவில்லை. 1990களில் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தினர் கண்ட காரணம் வேறு. ஆங்கிலேயர் காலம் தொட்டுக் காட்டைக் கூப்புகளாக, அதாவது வெட்டுவதற்கான பகுதிகளாகப் பிரித்து மொத்தமாக வெட்டினார்கள். நிழல் இழந்த மண் வெயிலில் காய்ந்து, அமிழ்ந்து, தாம்பாளம் போலக் குழிந்துவிட்டது. ஓதத்தில், அதாவது கடல் பொங்கும் வேளையில், ஏறிய நீர் வடிய வழியின்றித் தேங்கி, வற்றி, உப்பை விட்டுச் சென்றது.

ஆகவே வனத்துறையும் ஊராரும் அந்த நிறுவனத்தினரோடு சேர்ந்து முதலில் வாய்க்கால் வெட்டினார்கள். நடுவில் ஒன்று, இருபுறமும் மீன் முள்ளைப் போலக் கிளைகள். நாளுக்கு இரண்டு முறை ஓதம் ஏறி இறங்கி மண்ணைக் கழுவியது. பிறகே கன்று நட்டார்கள்.

2004 சுனாமியின்போது காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் சேதம் குறைவு. அவற்றைக் காத்தது காடா, கடலிலிருந்து இருந்த தூரமும் மேட்டு நிலமுமா என்று ஆய்வாளர்கள் வாதிட்டிருக்கிறார்கள். எங்கள் வகுப்பிலும் ஒரு மாலை முழுவதும் அதே பேச்சு. காட்டை நேசிக்கும் எனக்கே அந்தக் கேள்வி நியாயமாகப் பட்டது.

மீன் முள் போல வெட்டிய அந்த வாய்க்கால்களில் ஒன்றில் இருளர் குடும்பத்து அக்கா ஒருவர், கழுத்தளவு நீரில் கையால் தடவி இறால் பிடித்துக்கொண்டிருந்தார். வாய்க்கால் வந்த பிறகு இந்தப் பக்கமும் இறால் ஏறுகிறது என்றார். எந்த வாய்க்கால் தூர்ந்துகொண்டிருக்கிறது என்று கேட்டேன். கிழக்கே மூன்றாவது கிளையைக் காட்டினார்.

என் ஆய்வுக்கு அந்தக் கிளையையே எடுத்திருக்கிறேன். வரும் பௌர்ணமி ஓதத்துக்கு அங்கே மூங்கில் அளவுகோல் நட வேண்டும்.