காலத்தை நெய்கிறவர்கள்

ஒரு வாரமாக மனசு முழுக்க இந்தக் கதைதான். காலத்தை நெய்யும் கைவினைஞர் சங்கம் ஒன்று. அவர்களுக்குப் பாவுதான், அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் இழைகள்தான் காலம். முதலிலேயே இழுத்துக் கட்டியாகிவிட்டது. குறுக்கே ஓடும் ஊடைதான் நிகழ்வுகள்.

மகாபாரதத்தின் ஆதிபர்வத்தில், நாகலோகம் போகும் உதங்கர் என்ற சீடர் இரண்டு பெண்கள் கறுப்பும் வெள்ளையுமான நூலால் நெய்வதைப் பார்ப்பார். இரவும் பகலும்தான் அந்த இழைகள். ஆசை எனக்கு அங்கேதான் தொற்றியது.

சரி, நெசவில் தவறு நேர்ந்தால்? நடுவில் ஒரு வரி பிசகினால் அதை மட்டும் உருவ முடியாது. கடைசி வரியிலிருந்து ஒவ்வொன்றாகப் பிரித்துக்கொண்டே வர வேண்டும். அப்படியானால் ஒரு சாவைத் திருத்த, அதற்குப் பிறகு பிறந்த குழந்தைகளை எல்லாம் பிரித்தாக வேண்டுமே! எழுதும்போது கை நின்றுவிட்டது. அதனால் என் சங்கத்தில் பிரிக்கும் உரிமை யாருக்கும் இல்லை. அறுந்த இழையை முடிச்சுப் போட்டு இணைக்கலாம், அவ்வளவுதான். முடிச்சும் சின்னதாக இருக்க வேண்டும். இழைகளை இடைவெளிவிட்டுப் பிடிக்கும் சீப்பு போன்ற அச்சின் பல்லில் சிக்கினால் மறுபடி அறுந்துவிடும்.

புதிதாகச் சேரும் சிறுமிக்கு 7 வருஷம் முடிச்சுப் பழக்கம் மட்டும்தான். (1563இல் இங்கிலாந்துச் சட்டம் தொழில் பழகுவோருக்கு வைத்த காலம் அது.) அவளுக்கு இன்னும் பெயர் அமையவில்லை. இன்று ராத்திரி அவளைத் தறி முன்னால் உட்காரவைக்கிறேன்.