காலடியில் அமுங்கும் தீவுகள்: டிட்டிகாகா ஏரியில் ஊரோஸ்

முதலில் பஸ்ஸைத் திட்டி முடித்துவிடுகிறேன், அப்புறம்தான் ஊரோஸ் மக்கள் கோரையால் கட்டி வாழும் மிதக்கும் தீவுகள். பெரு நாட்டின் கூஸ்கோ நகரிலிருந்து டிட்டிகாகா ஏரிக்கரையில் இருக்கும் புனோவுக்கு இரவுப் பயணம். ஹீட்டர் உண்டு என்று சொல்லித்தான் டிக்கெட் விற்றார்கள். ஹீட்டர் வேலை செய்தது, ஆனால் அதை யாராலும் அணைக்க முடியவில்லை. ஜன்னலும் திறக்காது. வெளியே உறைபனி, உள்ளே மே மாத வேலூர். பின்வரிசையில் ஒரு குழந்தை வாந்தி எடுத்த பிறகு நடந்ததை எழுத வேண்டாம் என்று பார்க்கிறேன்.

விடியற்காலையில் இறங்கினால் பத்து அடி நடப்பதற்குள் மூச்சு வாங்குகிறது. ஏரியே 3,812 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஊட்டி 2,240 மீட்டர்தான். வாசலில் வரிசையாக நம்ம ஊர் பஜாஜ் ஆட்டோக்கள்! இங்கே மோட்டோடாக்ஸி என்கிறார்கள். வண்டியோடு சேர்த்து நம்ம பேரத்தையும் இறக்குமதி செய்துவிட்டார்கள் போல: நடந்தே போகக்கூடிய துறைமுகத்துக்கு 20 சோல் கேட்டார் ஒருவர். சோல் என்பது பெருவின் பணம். ஒரு சோல் கிட்டத்தட்ட 25 ரூபாய், அப்படியென்றால் 500 ரூபாய். முதுகைக் காட்டி நடந்ததும் ஐந்துக்கு இறங்கி வந்தார். ஏறிக்கொண்டேன்.

தங்கும் விடுதியில் விற்கும் டூரை வாங்காதீர்கள். துறைமுகத்திலேயே தீவுக்காரர்களின் படகுக்கு டிக்கெட் கிடைக்கிறது. எனக்குப் போகவர படகு, தீவு நுழைவு எல்லாம் சேர்த்து 20 சோல்தான் ஆனது. விடுதியில் கேட்டது அதைப்போல மூன்று மடங்கு.

படகு தொத்தோரா புதருக்குள் நுழைந்து வெளியே வந்ததும், தண்ணீர்மேல் மஞ்சளாக ஒரு தீவு, பக்கத்தில் இன்னொன்று, அதற்குப் பின்னால் இன்னும் பல. தொத்தோரா நம்ம பாய்க்கோரைக்குச் சொந்தக்காரப் புல். தாவரவியலில் இரண்டும் ஒரே குடும்பம். வீடு, படகு, தரை எல்லாமே அதுதான். தீவில் கால் வைத்ததும் தரை மெதுவாக உள்ளே அமுங்கி, காலை எடுத்ததும் மேலே எழும்புகிறது. பெரிய படகு ஒன்று கடந்தபோது வீடு, அடுப்பு, கோழி, நான் எல்லாரும் சேர்ந்து ஏறி இறங்கினோம். சத்தமாகச் சிரித்துவிட்டேன். மந்திரத் தீவு என்று கதையில் வருமே, அது நிஜமாக இருந்தால் இப்படித்தான் இருக்கும்.

அந்தத் தீவின் தலைவர் ஒரு குட்டி மாதிரியை வைத்து எப்படிக் கட்டுகிறார்கள் என்று காட்டினார். மழைக்காலத்தில் நீர்மட்டம் ஏறும்போது, தொத்தோராவின் வேர்ப்பின்னல் மண்ணோடு பாளமாகப் பெயர்ந்து மிதக்கும். அதை நீண்ட ரம்பத்தால் அறுத்து, கட்டைகளைச் செருகி, பாளங்களைக் கயிற்றால் இறுக்கிக் கட்டுகிறார்கள். நாளடைவில் வேர்கள் தாமே ஒன்றோடொன்று பின்னிக்கொள்ளும். அதன்மேல் புல்லைக் குறுக்கும் நெடுக்குமாகப் பரப்புகிறார்கள். அடியில் அது அழுக, மேலே புதிதாகப் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். நங்கூரக் கயிறு இல்லையென்றால் காலையில் ஏரியின் மறுபக்கம் இருக்கும் பொலிவியா நாட்டில் கண் விழிப்போம் என்றார். எல்லாப் படகுக்கும் சொல்லும் ஜோக்காக இருக்கும், ஆனாலும் சிரித்தோம். அண்டை வீட்டோடு சண்டை வந்தால்? ரம்பத்தை எடுத்துக் காட்டினார். தீவை இரண்டாக அறுத்துக்கொண்டு போய்விடலாமாம். அபார்ட்மெண்ட் சங்கக் கூட்டத்தில் உட்கார்ந்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

தொத்தோராவின் அடித்தண்டை உரித்துத் தந்தார்கள். வெள்ளையாக, சப்பென்று, நீர் நிறைந்து இருந்தது. ஒரு தடவைக்கு மேல் தேவையில்லை.

அடுத்து வியாபாரம். பூமா தலை வைத்த கோரைப் படகில் ஒரு சுற்று, தனியாக 15 சோல். எல்லாரும் ஏறிவிட்டதால் நானும் ஏறினேன். துடுப்பு சும்மா அழகுக்கு. பின்னாலிருந்து மோட்டார் படகுதான் தள்ளியது. கோரைக்கு உள்ளே பிளாஸ்டிக் பாட்டில்கள் அடைத்திருப்பதும் தெரிந்தது. பக்கத்தில் இருந்த பயணி 'எல்லாம் நாடகம்' என்று முணுமுணுத்துக்கொண்டே வந்தார். எனக்கு எரிச்சல். கூரையில் சோலார் தகடு இருந்தால் ஏமாற்றுவேலையா? அந்தக் காலத்தில் இங்கே பேரரசு நடத்திய இன்காக்களிடமிருந்து தப்பிக்க ஏரிக்குள் வந்தோம் என்று சொல்பவர்கள் இந்தத் தீவுக்காரர்கள். பழைய உரு மொழி போய் இன்று ஐமாரா பேசுகிறார்கள். மெழுகுவர்த்தியிலேயே வாழ்ந்து நமக்கு வேடிக்கை காட்ட வேண்டுமா என்ன? அந்த 15 சோல் அதிகம்தான், அதை மறுக்கவில்லை.

கரைக்குத் திரும்பியதும் துறைமுகக் கடை ஒன்றில் சாப்பாடு. கீன்வா சூப், பொரித்த டிரவுட் மீன், இரண்டு வகை உருளைக்கிழங்கு, 15 சோல். தோல் மொறுமொறுவென்று, உள்ளே இளஞ்சிவப்பாக, உப்பும் எலுமிச்சையும் மட்டும். பெரு முழுக்கச் சாப்பிட்டதில் இதுதான் முதலிடம். கடைக்கார அம்மா கேட்காமலே இன்னொரு கரண்டி சூப் ஊற்றினார்.

பயணக் குறிப்பு வரிசையாகத் தரலாம் என்று நினைத்தேன், மீனில் மறந்துவிட்டது. சுருக்கமாக: புனோ வந்த நாளே ஓடியாடாதீர்கள், கோகா இலை டீ குடியுங்கள், சில்லறை சோல் வைத்திருங்கள், தொப்பி கட்டாயம். தீவிலேயே இரவு தங்கவும் வீடுகள் இருக்கின்றன. விலை கேட்டேன், என் பட்ஜெட்டுக்கு அப்பால். கூஸ்கோவில் இரண்டு நல்ல ஹோட்டல் சாப்பாட்டைத் தியாகம் செய்தால் உங்களுக்கு முடியும்.