ஆறாவது பாரா

வருகை குறைந்ததால் தேர்வெழுத விடாததை எதிர்த்து என் மாணவன் ஒருவன் நீதிமன்றத்தில் போட்ட ரிட் மனுவின் நகலைக் கொடுத்து, பாரா வாரியாகப் பதில் எழுதித் தரச் சொன்னார் கல்லூரி முதல்வர். துறைத் தலைவருக்கு இதுவும் வேலைதான். ஐந்து பாராவுக்கு மளமளவென்று எழுதிவிட்டேன். ஆறாவதில் பேனா நின்றது. வருகைப் பதிவு பற்றி மனுதாரர் கேட்டபோது, பார்த்துக்கொள்ளலாம் எனத் துறைத் தலைவர் உறுதியளித்தார் என்று அதில் இருந்தது.

உறுதியா? செமஸ்டர் பாதியில் ஸ்டாஃப் ரூம் வாசலில் நின்று, "சார், அட்டெண்டன்ஸ் இடிக்குமா சார்?" என்று கேட்டான். டீ ஆறிக்கொண்டிருந்தது. "பார்த்துக்கலாம், போ" என்றேன். கடன் கேட்பவரிடமும் இதைத்தான் சொல்கிறோம். ஆனால் அவன் வீட்டில் ஒரு பெரியவர் இப்படிச் சொன்னால், பொறுப்பை அவர் ஏற்றுக்கொண்டார் என்றுதானே எடுத்துக்கொள்வார்கள்? இது அவனுடைய வக்கீல் சொன்னதில்லை. நானே பிற்பாடு யோசித்தது.

90 வேலை நாளில் அவன் வந்தது 57. தேவை 75 சதவீதம், அதாவது 68 நாள். எங்கள் விதிப்படி 65 சதவீதம் தொட்டிருந்தால் மருத்துவச் சான்றும் கட்டணமும் காப்பாற்றியிருக்கும். (சான்று எங்கே கிடைக்கும் என்று கல்லூரியில் எல்லாருக்கும் தெரியும்.) அதற்கு 59 நாள் வேண்டும். இரண்டு நாள் குறைந்தது.

ராத்திரி காசிமேட்டில் ஏலத்துக்கு மீன் கூடை தூக்கிவிட்டு வருகிறவன் என்பது எனக்குத் தெரியும். முதல் பெஞ்சில் தூங்கினால் யாருக்குத்தான் தெரியாது? ஏப்ரல் 15-இல் மீன்பிடித் தடைக்காலம் தொடங்கிவிட்டால் ஜூன் 14 வரை விசைப்படகுகள் போகாது. தடை வருவதற்குள் காசு சேர்த்தால்தான் உண்டு. கபடிக்குப் போகிறவனுக்கு ஓ.டி. (ஆன் டியூட்டி, வந்ததாகவே கணக்கு) போடுகிறோம். கூடை தூக்குகிறவனுக்குப் போட விதியில் இடமில்லை. விதியை நான் எழுதவில்லை. இவனுக்குத் தளர்த்தினால், திருவொற்றியூரிலிருந்து நெரிசல் பஸ்ஸில் தொங்கிக்கொண்டு தினமும் வந்த பெண்களுக்கு என்ன பதில்?

சரி, ஆறாவது பாரா. 'மறுக்கப்படுகிறது. அப்படி எந்த உறுதியும் தரப்படவில்லை' என்று எழுதிக் கொடுத்தேன். பொய்யில்லை. கையெழுத்து முதல்வருடையது. வருகை விதியைத் தளர்த்த நீதிமன்றம் இசையவில்லை, மனு தள்ளுபடியானது. அப்புறம் அவனை நான் பார்க்கவில்லை.

2025 நவம்பரில், சட்ட மாணவர் யாரையும் வருகைக் குறைவுக்காகத் தேர்விலிருந்து தடுக்கக் கூடாது என்று டெல்லி உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2016-இல் ஒரு சட்ட மாணவர் தற்கொலை செய்துகொண்டதை ஒட்டி வந்த வழக்கு. அது சட்டப் படிப்புக்கு, நம்மைக் கட்டாது என்றார் சக பேராசிரியர். நானும் தலையாட்டினேன். ஆனால் அதில் இன்னொன்றும் இருந்தது: வருகைக் கணக்கை வாரந்தோறும் மாணவருக்குத் தெரிவிக்க வேண்டும். நாங்கள் தேர்வுக்குப் பத்து நாள் முன்னால் நோட்டீஸ் போர்டில் பட்டியல் ஒட்டுகிறவர்கள்.

அவன் கேட்ட அன்று 45 நாளில் 31 நாள் வந்திருந்தான். பதிவேடு மேஜை மேல்தான் இருந்தது. இன்னும் 28 நாள் வந்துவிடு, மீதியைச் சான்று வைத்து ஒப்பேற்றலாம் என்று சொல்லியிருக்கலாம். சொன்னாலும் வந்திருப்பானா? ராத்திரி ஏலம் இருக்கிறதே. வந்திருக்க மாட்டான் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் 26 நாள் வந்தான்.