வயலுக்கு மடை, தசைக்கு நுண்தமனி

நேத்து நைட்ல இருந்து மண்டைக்குள்ள இதுதான் ஓடிட்டு இருக்கு. ரத்தம் தந்துகிங்குற ரொம்ப மெல்லிசான ரத்தக் குழாய்க்குள்ள போறதுக்கு முன்னாடி நுண்தமனின்னு ஒரு குட்டிக் குழாய் இருக்கு, அதோட சுவர்ல தசை சுத்தியிருக்கும், அது இறுகினா ரத்தம் குறையும் தளர்ந்தா பாயும், வயலுக்கு மடை தொறக்குற மாதிரியேதான். ஆரம் பாதியானா ஓட்டமும் பாதியாகும்னு நினைச்சேன், இல்லங்க, 16ல 1 பங்காயிடும்! அதனால லேசா சுருங்கினாலே போதும்.

யார் தொறக்குறா? நரம்பும் ஹார்மோனும் உண்டு, ஆனா எனக்குப் புடிச்சது இதுதான், வேலை செய்யுற தசையில ஆக்சிஜன் குறைஞ்சு கார்பன் டை ஆக்சைடும், வேலை செய்யுறப்போ உண்டாகுற அடினோசின்ங்குற வேதிப்பொருளும் சேரச் சேர அதுவே பக்கத்து நுண்தமனிய தளர்த்திடுது, மூளைகிட்ட கேக்க வேண்டியதில்ல. ஓய்வுல மூடிக் கிடக்குற தந்துகிங்க வேலை வந்தா தொறக்குதுன்னு சொன்ன டென்மார்க்கோட ஆகஸ்ட் க்ரோவுக்கு 1920ல நோபல் குடுத்தாங்க. பாடப்புத்தகத்துல எல்லாத் தந்துகி வாசல்லயும் ஒரு தசை வளையம் வரைவாங்க, அது தப்பான படம், குடல்தாங்கி சவ்வு மாதிரி சில இடத்துலதான் அது தெளிவா இருக்கு, கைகால் தசையில கடைசி நுண்தமனியே அந்த வேலையப் பாத்துக்குது.

உள்ளங்கைய ஒரு நிமிஷம் நல்லா அழுத்திட்டு விட்டுப் பாருங்க, வெளுத்த இடம் முன்னவிட சிவப்பா ஆகும். பட்டினி கிடந்த இடத்துக்கு மடை தொறந்ததுதான் அது.